யாருக்கும் புரியாத பாட்டு

எனக்கு ஸ்பானிஷ் தெரியும் என்று நான் சொன்னது முழுப்பொய் இல்லை. அபுதாபிப் பக்கம் ருவைஸ் ஆலையில் இருபத்தெட்டு வருஷம் ஸ்டோர்கீப்பராக இருந்தவன் நான். ஆலையை நிறுத்திப் பழுதுபார்க்கிற ஒரு ஷட்டவுன் சமயத்தில் இன்யாகி என்று ஒரு ஸ்பெயின்காரன், டர்பைன் இன்ஜினீயர், நாற்பது நாள் என் ஸ்டோர் வாசலிலேயே குடியிருந்தான். அவன் கேட்ட பேரிங் வந்து சேரவில்லை. பிக்கப் வண்டியில் பாட்டை அலறவிட்டுக்கொண்டு என்னைத் திட்டுவான். எது பாட்டு, எது திட்டு என்று பிரித்துப் பார்க்க எனக்கு ஒரு வாரம் பிடித்தது. அந்த ஊர்ப் பாட்டு அப்படி. ஆண் பாடினாலும் பெண் பாடினாலும் எதிர்வீட்டுக்காரனோடு வேலித் தகராறு நடக்கிற மாதிரியே இருக்கும். கிடார் ஒரு பக்கம் சமாதானம் பேசும். உள்ளங்கையைத் தட்டுகிறவர்கள் கேட்கமாட்டார்கள்.

ஊருக்குக் கிளம்பும்போது ஒரு பென்டிரைவை என் கையில் வைத்தான். நாற்பத்துமூன்று பாட்டு. "எல்லாம் எங்கள் நாட்டுப் பாட்டுக்காரர்கள், எங்கள் நாட்டு இசையமைப்பாளர்கள். மெக்ஸிகோவும் இல்லை, கொலம்பியாவும் இல்லை" என்று சத்தியம் செய்தான். அந்த நாற்பது நாள்தான் நான் வீட்டில் சொல்லும்போது மூன்று வருஷமாகிவிட்டது. ரிட்டயர் ஆன மனுஷனுக்கு வேறு என்ன வருமானம்?

இப்போது அஜ்மானில் மகன் ரிஜோவின் ஃபிளாட்டில் இருக்கிறோம், நானும் என் மனைவி தேவகனியும். ரிஜோ ருவைஸிலேயே வேலை பார்க்கிறான், இரண்டு வாரத்துக்கு ஒருமுறை வருவான். அவன் மனைவி சுபிஷா ஷார்ஜாவில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ் நர்ஸ். கதை அவளுடையது. கோபமும் அவளுடையது. பாதிக் கோபத்தை நான் கடன் வாங்கிக்கொண்டேன்.

அந்த டயாலிசிஸ் யூனிட்டை ஏழு வருஷமாக நடத்துகிறவள் சுபிஷா. பதினாறு மெஷின். எந்த நோயாளிக்கு எந்தக் கையில் ஊசி போட்டால் ரத்தம் ஒழுங்காக வரும், யாருக்கு நடுவில் பிரஷர் இறங்கும், யார் பழைய சண்டையால் யார் பக்கத்துக் கட்டிலில் படுக்கமாட்டார் எல்லாம் அவளுக்கு மனப்பாடம். இன்சார்ஜ் போஸ்ட் காலியானதும், "உனக்குத்தான் சுபிஷா, பேப்பர் வரட்டும்" என்று மேனேஜர் சொன்னார். பேப்பர் வந்தது. கதவில் பலகையும் வந்தது. பலகையில் பெயர் ஷிரின். போன வருஷம் வந்த பெண். மேனேஜர் யாருடன் கோல்ஃப் ஆடுகிறாரோ அவருடைய மகள்.

"சிவப்புக் குழாய் எது, நீலக் குழாய் எதுன்னு அவளுக்குத் தெரியாதாம். இவ சொல்லிக் கொடுக்கணுமாம்!" என்று நான் லிஃப்டில் பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லிவந்தேன்.

"மாமா, அப்பிடியெல்லாம் இல்ல. அவ நல்ல நர்ஸாக்கும். டூட்டி ரோஸ்டர் போடத் தெரியாது, அவ்வளவுதான். நான் போட்டுக் கொடுப்பேன், அவ கையெழுத்து போடுவா" என்றாள் சுபிஷா.

"அதுக்கு உனக்குக் கோவம் வரலியா?"

"வந்து? அடுத்த மாசம் கான்ட்ராக்ட் புதுப்பிக்கணும்ல்லா."

சொல்லிவிட்டு மீன் கழுவப் போய்விட்டாள். அந்த மீனை அவள் தேய்த்த தேய்ப்பில் செதிலோடு தோலும் போய், முள்ளும் பாதி போனது.

இந்த நேரத்தில்தான் ஆஸ்பத்திரி ஆண்டு விழா வந்தது. யூனிட் சார்பில் ஆறு நர்ஸுகள் ஆட வேண்டும். எந்தப் பாட்டுக்கு? அங்கேதான் உலகப்போர். முந்தின வருஷம் தமிழ்ப் பாட்டுப் போட்டார்கள், மலையாளிகள் எல்லாரும் ஒரே நேரத்தில் டீ குடிக்கப் போனார்கள். அதற்கு முந்தின வருஷம் மலையாளப் பாட்டு, தமிழர்களுக்கு ஒரே நேரத்தில் வயிறு சரியில்லாமல் போனது. ஹிந்திப் பாட்டுக்கு இரண்டு கட்சியும் சேர்ந்து எழுந்துபோனது. அரபிப் பாட்டுக்கு நர்ஸ் ஆடினால் மரியாதையா இல்லையா என்று கமிட்டி மூன்று கூட்டம் போட்டது. கடைசியில் கமிட்டி ஒரு மெயில் அனுப்பியது: யாருக்கும் மனத்தாங்கல் வராத பாட்டாக இருக்கவேண்டும், பாட்டின் கருத்தை ஒரே வரியில் ஃபாரத்தில் எழுதித் தரவேண்டும், மேனேஜர் கையெழுத்துப் போடவேண்டும்.

ஆறு பேரும் எங்கள் ஹாலில் உட்கார்ந்து சண்டை போட்டார்கள். தஞ்சாவூர் ராதிகா ஒரு சோபாவில், கோட்டயத்து அக்ஸா எதிர் சோபாவில். மணிலாக்காரி மாரிசெல் நடுவில் உட்கார்ந்து கடலை தின்றுகொண்டிருந்தாள். மற்ற இருவரும் யார் ஜெயிக்கிறார்களோ அவர்கள் கட்சி. சுபிஷா டீ ஊற்றிக்கொண்டிருந்தாள்.

நான் பென்டிரைவை டிவியில் செருகினேன்.

பதினேழாவது பாட்டு. ஒரு கிழவி பாடுவாள். கிழவி என்றால் சாதாரணக் கிழவி இல்லை, தொண்டைக்குள் சரளைக்கல் லாரி ஓட்டுகிறவள். முதலில் மெதுவாக, யாரிடமோ கணக்குக் கேட்கிற மாதிரி ஆரம்பிப்பாள். அப்புறம் காலால் தரையை அடிக்கிற சத்தம் வரும். கடைசி ஒரு நிமிஷம் எங்கள் கட்டடத்தின் கண்ணாடி ஜன்னல்கள் அதிரும். ஆறு பேர் வாயும் அடைத்துப்போனது.

"இது என்ன பாஷை அங்கிள்?" என்றாள் ராதிகா.

"ஸ்பானிஷ்."

"யாருக்காவது புரியுமா?"

"ஆஸ்பத்திரியிலயா? ஒருத்தனுக்கும் புரியாது."

"அப்ப இதுதான்!" என்று ராதிகாவும் அக்ஸாவும் ஒன்றாகக் கத்தினார்கள். அவர்கள் இருவரும் ஒரே விஷயத்தைச் சொன்னது அதுதான் முதல் தடவை.

"ஃபாரத்தில் கருத்து எழுதணுமே. அங்கிளுக்கு ஸ்பானிஷ் தெரியுமல்லோ?" என்றாள் அக்ஸா.

தேவகனி சமையலறையிலிருந்து என்னை ஒரு பார்வை பார்த்தாள். அந்தப் பார்வையை மதித்து வாயை மூடியிருக்கலாம். என் வாய் எந்தப் பார்வையை மதித்தது?

"ஒரு மீனவன் கடலுக்குப் போறான். புயல். அவன் பொண்டாட்டி கரையில நின்னு மாதாவ வேண்டுகா. 'எனக்க மாப்பிள்ளையத் திருப்பிக் கொடு, எனக்க வலையத் திருப்பிக் கொடு'ங்கா. கடைசியில வள்ளம் கரைக்கு வருது."

மாரிசெல்லுக்கு மொழிபெயர்த்தார்கள். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். ராதிகா ஃபாரத்தில் 'கணவன் பத்திரமாகத் திரும்ப மீனவப் பெண்ணின் பிரார்த்தனை' என்று ஆங்கிலத்தில் எழுதினாள். மேனேஜர் அழகாகக் கையெழுத்துப் போட்டு, 'வெரி டச்சிங்' என்று ஓரத்தில் குறிப்பும் எழுதினாராம்.

மூன்று வாரம் பிராக்டிஸ். நெற்றியில் கைவைத்துக் கடலைப் பார்க்கிறார்கள். துடுப்புப் போடுகிறார்கள். முழங்காலில் நின்று ஜெபிக்கிறார்கள். கிழவி அங்கே தொண்டை கிழியக் கத்துகிறாள், இவர்கள் இங்கே ஜெபமாலை உருட்டுகிறார்கள். எங்கோ பொருந்தவில்லை என்று எனக்கே தோன்றியது. "ஸ்பெயின்ல ஜெபமே அப்படித்தான்" என்று சமாளித்தேன்.

விழாவுக்கு ஆறு நாள் இருக்கும்போது ராதிகா பாட்டின் இன்னும் நல்ல பதிவைத் தேடி போனில் எடுத்தாள். அதில் கீழே ஆங்கில வரிகள் ஓடின.

"அங்கிள், இதில கடலே இல்லையே."

நான் பால்கனியில் துணி காய்கிறதா என்று பார்க்கப் போனேன். ஆறு பேரும் போனைச் சுற்றிக் குனிந்தார்கள். ராதிகா சத்தமாகத் தமிழில் சொல்லச் சொல்ல, கண்ணாடிக் கதவின் இந்தப் பக்கம் எனக்கும் கேட்டது.

பாடுகிறவள் ஒரு ரொட்டிக்கடையில் வேலை செய்கிறவள். பன்னிரண்டு வருஷம் இருட்டில் எழுந்து மாவு பிசைந்தேன் என்கிறாள். என் கைச்சூட்டில் இந்த ஊர் பசியாறியது என்கிறாள். முதலாளியே, இன்றைக்குக் கடை வாசலில் உன் மருமகன் பெயரை எழுதி மாட்டியிருக்கிறாய். உப்பு எது, சர்க்கரை எது என்று அவனுக்குச் சொல்லிக்கொடுத்தவளே நான்தான். பலகையை இறக்கு. நீ இறக்குகிறாயா, நான் இறக்கட்டுமா?

பாட்டு முடிந்தது.

பிறகு சுபிஷா கண்ணாடிக் கதவைத் திறந்த வேகத்தில் அது சுவருக்குள் போய்விட்டுத் திரும்பி வந்தது.

"மாமா, உங்களுக்கு ஸ்பானிஷ் தெரியுமா, தெரியாதா?"

"கொஞ்சம் மறந்துபோச்சு மக்களே."

"என்ன தெரியும்? ஒரு வார்த்தை சொல்லுங்க பாப்போம்."

நான் இன்யாகியிடம் கற்றதைச் சொன்னேன். மாரிசெல் தலையில் கைவைத்தாள். அவள் ஊர்ப் பாஷையிலும் அந்தக் கெட்ட வார்த்தை உண்டாம்.

"உங்க வாயில வாறதெல்லாம் பொய்யாக்கும்! மூணு வாரமா இந்தப் பிள்ளைக டூட்டி முடிஞ்சு வந்து முட்டுக்குத்தி நின்னுதுவ!" என்று தேவகனி கரண்டியோடு வந்தாள்.

"கேன்சல் பண்ணிரலாம். மேனேஜர் காதுக்குப் போனா நம்ம காலி" என்றாள் ராதிகா.

"எப்படிப் போகும்? ஆர்க்கும் மனசிலாகாது. பிரார்த்தனை ஸ்டெப் போட்டு ஆடிட்டு வந்துடலாம், கலாஸ், முடிஞ்சுது" என்றாள் அக்ஸா.

சுபிஷா போனை வாங்கி முதலிலிருந்து மறுபடி ஓடவிட்டாள். இரண்டாவது தடவை. மூன்றாவது தடவை. அவள் முகம் இந்தியாவிலிருந்து வந்த முதல் நாள் பார்த்த முகம் இல்லை. கல்யாணத்தன்று பார்த்த முகம் இல்லை. எனக்குப் பயமாகவும் இருந்தது, சந்தோஷமாகவும் இருந்தது. சந்தோஷம் கொஞ்சம் கூடுதல்.

"பிரார்த்தனை ஒண்ணும் வேண்டாம். அவ என்ன சொல்லுதாளோ அதத்தான் ஆடணும். மாவு பிசையணும். பலகையக் காட்டணும்" என்றாள்.

"புரியாதவங்களுக்கு ஆடி என்ன பிரயோஜனம்?" என்று ராதிகா கேட்டாள்.

"புரிய வைப்போம். மேடைக்குப் பின்னால பெரிய ஸ்கிரீன் இருக்குல்லா? பாட்டு ஓட ஓட வரி போடணும். எல்லாருக்க பாஷையிலயும்."

"சுபிஷாக்கா, உங்களுக்கு அடுத்த மாசம் கான்ட்ராக்ட்..."

"தெரியும். எனக்கு மட்டும்தான் அந்தப் பயம். உங்க யாருக்காவது வேண்டாம்னா இப்பவே சொல்லிருங்க, கோவிக்க மாட்டேன்."

யாரும் எழுந்திருக்கவில்லை. மாரிசெல் கடலைப் பொட்டலத்தை மடித்து வைத்துவிட்டு எழுந்து நின்று மாவு பிசைகிற மாதிரி கையை ஆட்டிக் காட்டினாள். அவள் அப்பாவுக்கு மணிலாவில் பேக்கரியாம். மூன்று வாரத்தில் அதைச் சொல்ல யாரும் அவளைக் கேட்கவில்லை.

அன்றைக்கே காலடி தொடங்கியது. ஆறு பேர், பன்னிரண்டு குதிகால். பத்தாவது நிமிஷம் கீழ்வீட்டு கௌஸ் முகைதீன் வந்து பெல்லை அமுக்கி, விரலை எடுக்காமல் நின்றார். காயல்பட்டினத்துக்காரர், டைப்பிங் சென்டரில் அரபி டைப் அடிக்கிறவர்.

"என்ன அண்ணாச்சி, மேல ஒட்டகம் கட்டி வளக்குறியளா? எங்க வீட்டு ஃபேன் ஆடுது!"

உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்து விஷயத்தைச் சொன்னேன். சிவப்புக் குழாய், நீலக் குழாய் எல்லாவற்றையும் சேர்த்துச் சொன்னேன். அவர் முகம் சிவந்தது. அவருக்கும் அலுவலகத்தில் ஒரு மருமகன் இருந்தான்போல.

"அரபி வரிய நான் அடிச்சித் தாறேன். ஒரு புள்ளி தப்பாது" என்றார். "நல்லா மிதிங்க பிள்ளையளா. ஃபேன் விழுந்தா விழட்டும்."

மலையாளத்தை அக்ஸா எழுதினாள், தன் ஊர்த் தகலாக் பாஷையை மாரிசெல், ஆங்கிலத்தை ராதிகா. தமிழ் என் பொறுப்பு. 'முதலாளியே' என்று மொட்டையாக இருந்த இடத்தில் 'பாவி முதலாளியே, உன் கோல்ஃப் மட்டை முறிய' என்று எழுதினேன். சுபிஷா பார்த்தாள்.

"மாமா, ஒரு வார்த்தை கூட்டக்கூடாது. ஒரு வார்த்தை குறைக்கக்கூடாது. கூட்டினீங்கன்னா அது உங்களுக்க பாட்டாயிரும். அப்ப அவரு என்னப் பிடிச்சிருவாரு."

அப்போது எனக்கு அந்தப் பேச்சின் அர்த்தம் விளங்கவில்லை. கோல்ஃப் மட்டையை அழித்தேன். மனசே இல்லாமல் அழித்தேன்.

சனிக்கிழமை சாயங்காலம் விழா. ஷார்ஜாவில் வாடகை மண்டபம். அறுநூறு பேர் இருக்கலாம். நான் வெளியே இரண்டாயிரம் என்று சொல்லிவருகிறேன். முன்வரிசையில் மேனேஜர், கழுத்தில் பூ. அவருக்கு மூன்று நாற்காலி தள்ளி ஷிரின். கடைசி வரிசைகளில் ஹவுஸ்கீப்பிங் பெண்கள், டிரைவர்கள், லாண்டரிக்காரர்கள்.

அறிவிப்பாளன் ஃபாரத்தைப் பார்த்து, "ஒரு மீனவப் பெண்ணின் பிரார்த்தனை" என்று வாசித்தான். ஆறு பேரும் வெள்ளை ஏப்ரனில் வந்து வரிசையாக நின்றார்கள். கிழவி மெதுவாக ஆரம்பித்தாள். திரையில் ஐந்து மொழியில் வரி ஓடியது: 'பன்னிரண்டு வருஷம் இருட்டில் எழுந்து மாவு பிசைந்தேன்.'

முதல் வரிக்கு யாரும் அசையவில்லை. வாசித்துக்கொண்டிருந்தார்கள். மேனேஜர் தலையாட்டி ரசித்துக்கொண்டிருந்தார். 'உன் மருமகன் பெயரை எழுதி மாட்டியிருக்கிறாய்' வந்தபோது அவர் தலை ஆடுவது நின்றது. சுபிஷா அவரைப் பார்க்கவேயில்லை. அவள் தன் இரண்டு உள்ளங்கைகளையும் பார்த்து ஆடினாள். டூட்டி முடிந்த காலோடு வந்து, பாதி ராத்திரி ரோஸ்டர் போட்ட கையோடு, அந்த மேடையை அவள் மிதித்த மிதி இருக்கிறதே, எனக்கு நெஞ்சுக்குள் குத்தியது. இதில் கூட்டல் இல்லை.

'உப்பு எது, சர்க்கரை எது என்று அவனுக்குச் சொல்லிக்கொடுத்தவளே நான்தான்.'

கடைசி வரிசையில் ஒரு பெண் கைதட்டினாள். பாட்டு முடிந்து தட்டுகிற தட்டு இல்லை, தாளத்துக்குத் தட்டுகிற தட்டு. பக்கத்தில் இருந்தவள் சேர்ந்துகொண்டாள். லாண்டரிக்காரர்கள் சேர்ந்தார்கள். டீ குடிக்கப் போக எழுந்த நாலு பேர் நின்றபடியே தட்டினார்கள். 'நீ இறக்குகிறாயா, நான் இறக்கட்டுமா' என்ற இடத்தில் மண்டபம் முழுவதும் ஒரே கை. மேனேஜர் மட்டும் கையை மடியில் வைத்திருந்தார். கழுத்துப் பூ எரிந்துகொண்டிருந்தது என்று சொன்னால் நம்புவீர்களா? சரி, வாடியிருந்தது.

திங்கட்கிழமை காலை டூட்டியில் ஷிரின் வந்து சுபிஷா முன்னால் நின்றாளாம்.

"அக்கா, அந்த மருமகன் நான்தானா?"

"ஆமா."

"ரோஸ்டர் எனக்கு வராதுன்னு மேனேஜர்ட்ட அன்னைக்கே சொன்னேன் அக்கா. 'சுபிஷா பாத்துக்குவா, அவ ஒண்ணும் பேசமாட்டா'ன்னு சொன்னாரு."

இதை வீட்டில் சொல்லும்போது சுபிஷாவின் குரல் அந்தக் கிழவியின் குரலாக இருந்தது. "நான் பேசமாட்டேனாம் மாமா! அத நம்பித்தான் பலகைய மாட்டியிருக்காரு!" தேவகனி கையிலிருந்த தட்டைக் கீழே வைக்க மறந்து நின்றாள்.

செவ்வாய்க்கிழமை மேனேஜர் கூப்பிட்டார். அங்கே நடந்ததை சுபிஷா நாலு வரியில்தான் சொன்னாள். நான் பின்னால் அதை நாற்பது வரியாக வளர்த்திருக்கிறேன், ஆனால் இங்கே அவள் சொன்னபடியே வைக்கிறேன். பேச்சு ஆங்கிலத்தில்.

"என்னை அவமானப்படுத்திவிட்டாய். மன்னிப்புக் கடிதம் எழுது. அதற்கப்புறம்தான் கான்ட்ராக்ட்."

"எழுதுகிறேன் சார். எந்த வரி உங்களை அவமானப்படுத்தியது என்று சொல்லுங்கள், அந்த வரியைக் குறிப்பிட்டு எழுதுகிறேன்."

மேனேஜர் திரையில் ஓடிய வரிகளின் தாளை எடுத்தார். மேலிருந்து கீழ் பார்த்தார். கீழிருந்து மேல் பார்த்தார். மருமகன் வரியில் விரலை வைத்தார், எடுத்தார். பலகை வரியில் வைத்தார், எடுத்தார்.

"ஸ்பெயின் நாட்டுக்காரர்கள் எழுதிப் பாடியது சார். அது ஒரு ரொட்டிக்கடை. நாங்கள் ஒரு வார்த்தை கூட்டவில்லை. நீங்கள் யாரைப் பற்றியது என்று நினைத்தீர்கள்?"

"ஃபாரத்தில் மீனவன் என்று எழுதியிருக்கிறது!"

"அது என் மாமனார் சொன்னது சார். தப்பான தகவல். நீங்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள்."

அப்போதுதான் எனக்குக் கோல்ஃப் மட்டையை ஏன் அழிக்கச் சொன்னாள் என்று விளங்கியது. நான் உடனே ரிஜோவுக்கு போன் போட்டேன். "அப்பா, உங்களால அவளுக்கு வேலை போகப்போகுது" என்று ருவைஸிலிருந்து கத்தினான். "போனா போகட்டும்லே!" என்று நானும் கத்தினேன். சுபிஷா என் கையிலிருந்து போனை வாங்கி, "போகாது. போனா நான் பாத்துக்கிடுதேன். நீங்க ரெண்டுபேரும் சத்தம் போடாதீங்க" என்று வைத்துவிட்டாள்.

எந்த வரி என்று மேனேஜரால் கடைசிவரை காட்டமுடியவில்லை, அதனால் மன்னிப்புக் கடிதமும் எழுதப்படவில்லை. புதன்கிழமை ரோஸ்டரை அவள் எப்போதும்போலப் போட்டாள், நோயாளிகளுக்கு ஒரு நிமிஷம் பிசகவில்லை. அடியில் தன் பெயரில் கையெழுத்துப் போட்டாள். ஷிரின் அதைத் தானே கொண்டுபோய்ச் சுவரில் ஒட்டினாள்.

வியாழக்கிழமை ஒரு கவர் வந்தது. கான்ட்ராக்ட் புதுப்பித்திருந்தது. கூடவே ஒரு கடிதம்: 'ஆக்டிங் இன்சார்ஜ்', அதாவது தற்காலிகப் பொறுப்பு.

நான் துள்ளினேன். தேவகனி மாதா படத்துக்கு முன்னால் போய்விட்டாள். சுபிஷா கடிதத்தைச் சாப்பாட்டு மேஜையில் வைத்து வாசித்தாள்.

"ஆக்டிங்காம்" என்றாள். "ஏழு வருஷமா வேற என்ன செஞ்சேன்?"

ஆஸ்பத்திரி சார்ட்டில் நர்ஸ் தப்பாக எழுதிவிட்டால் அழிக்கக் கூடாதாம், கிழிக்கக் கூடாதாம், வெள்ளை மை பூசக் கூடாதாம். ஒரே ஒரு கோடு, கீழே இருப்பது தெரிகிற மாதிரி. பக்கத்தில் 'எரர்' என்று எழுதிக் கையெழுத்து, தேதி, நேரம். அவள் ஸ்கேல் வைத்து 'ஆக்டிங்' மேல் ஒரு கோடு போட்டாள். 'எரர்' எழுதினாள். கையெழுத்து. தேதி. 16:40.

"சாட்சிக்கு ஒரு கையெழுத்து வேணும்" என்றாள்.

நான் பேனாவை எடுத்தேன்.

"நீங்க போடாதீங்க மாமா. நீங்க போட்டா யாரும் நம்பமாட்டாங்க. மாமி, நீங்க போடுங்க."

தேவகனி ஈரக்கையைச் சேலையில் துடைத்துவிட்டு, எழுத்துக்கூட்டித் தமிழில் போட்டாள். மறுநாள் சுபிஷா அதை மேனேஜர் மேஜையில் கொண்டுபோய் வைத்துவிட்டு யூனிட்டுக்குப் போனாள்.

பதினோரு நாள் கழித்துப் புதுக் கடிதம் வந்தது. அதில் அந்தச் சொல் இல்லை. நான் கட்டடம் முழுக்கச் சொல்ல லிஃப்டுக்கு ஓடினேன். சுபிஷா யூனிஃபார்மை மாட்டிக்கொண்டே என் பின்னால் வந்தாள். சிரிக்கவில்லை.

"ஒரு சொல்ல எடுக்க பதினோரு நாளா மாமா? அத இன்னைக்குப் போய்க் கேக்கணும்" என்றாள்.